நரம்புக் கேள்வி: யாழ் வழியே குறி பார்க்கும் கற்பனை மரபு ஒன்றுக்கு விதிகள் வேண்டும்

உவர்மண் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். மூன்று ஆண்டுகளாக எழுதிவரும் மிகுபுனைவு நாவலுக்காக, இசைக்கருவியைக் கொண்டு குறி பார்க்கும் மரபு ஒன்றை உருவாக்கியிருக்கிறேன். முதல் வாசிப்புக்குக் கொடுத்த நண்பர் ஒரே ஒரு கேள்வி கேட்டார். அதற்குப் பதில் தெரியாமல் நான்கு நாட்களாக ஒரு பக்கமும் நகரவில்லை.

கதை நடக்கும் இடம் உவர்நாடு என்ற கழிமுகம். ஒருபுறம் ஆறு, மறுபுறம் கடல். ஆவணி பிறந்ததும் ஒவ்வொரு குடியும் தன் நிலத்துக்கு ஆற்று நீரைத் திறப்பதா, கடல் நீரைத் திறப்பதா என்று முடிவு செய்தாக வேண்டும். ஆற்று நீர் என்றால் நெல், கடல் நீர் என்றால் உப்பு. மழை கொட்டும் ஆண்டில் உப்புப் பாத்தி கட்டியவனுடைய உழைப்பெல்லாம் கரைந்து ஓடிவிடும். மழை பொய்க்கும் ஆண்டில் நாற்று விட்டவன் வீட்டில் உலை ஏறாது. எனவே குடித்தலைவர்கள் குறி சொல்லும் கேள்வியாளிடம் போகிறார்கள். அவளிடம் ஏழு நரம்பு கொண்ட யாழ் ஒன்று இருக்கிறது. பழந்தமிழ்ச் சுரப்பெயர்களையே நரம்புகளுக்கு வைத்திருக்கிறேன்: குரல் குடிக்கு, துத்தம் நீருக்கு, கைக்கிளை காதலுக்கு, உழை கால்நடைக்கு, இளி பகைக்கு, விளரி இறப்புக்கு, தாரம் பொருளுக்கு. கேட்க வந்தவர் கேள்வியைச் சொன்னதும் அவள் கண்ணை மூடி வாசிக்கிறாள். எந்த நரம்பு மேலோங்கி ஒலிக்கிறதோ அதைக் கொண்டு பலன் சொல்கிறாள்.

நண்பர் கேட்ட கேள்வி இது: "விரல் அவளுடையதுதானே? அவள் நினைத்ததைத்தான் யாழ் சொல்கிறது என்றால், நடுவில் யாழ் எதற்கு?"

யாழே பேச வேண்டும் என்றால் என்ன விதி வைக்கலாம் என்று சொல்லுங்கள்.

பழைய மெட்டு எழுதியது:

உங்கள் கேள்விக்கு இசைப் புலமையால் பதில் சொல்ல எனக்குத் தகுதி இல்லை. நாற்பது ஆண்டுகளாக வீணையும் தம்புராவும் பழுது பார்க்கிறவன் என்ற முறையில் ஒன்று சொல்கிறேன். கருவி தானாகப் பேசும். நான் அதைத் தினமும் காலையில் கேட்கிறேன்.

முந்தைய நாள் மாலை சுருதி சுத்தமாகக் கூட்டி மாட்டிவைத்த தம்புராவை மறுநாள் காலையில் மீட்டினால், அது நான் விட்ட இடத்தில் இருக்காது. இரவில் மழை பெய்திருந்தால் ஒரு விதமாகவும், வறண்ட காற்று அடித்திருந்தால் வேறு விதமாகவும் விலகியிருக்கும். மரம் ஈரத்தைக் குடிக்கும், கக்கும். வீணையின் மெட்டுகள் தேன்மெழுகும் கரித்தூளும் கலந்த சட்டத்தின்மேல் பதிந்திருப்பவை. சித்திரை வெயிலில் பூட்டிய காருக்குள் வீணையை வைத்துவிட்டுப் போனால் மெழுகு இளகி, மெட்டுகள் மயிரிழை அளவு இடம் பெயர்ந்துவிடும். பிறகு அத்தனையும் பிரித்து மறுபடி மேளம் கட்ட, அதாவது மெட்டுகளைச் சுரத்துக்குச் சரியாகப் பதிக்க, வேண்டியதுதான். தோல் கருவிகளைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். பறையை நெருப்பில் காய்ச்சாமல் ஏன் எடுக்க மாட்டார்கள்? ஈரத்தில் தோல் தொய்ந்து குரல் இறங்கிவிடும் என்பதால்தான்.

இன்று நாம் கட்டுவது எஃகும் பித்தளையும். உங்கள் யாழில் இருப்பது உண்மையான நரம்பு, அதாவது விலங்குக் குடலைத் திரித்த நரம்பு. காற்றின் ஈரத்துக்கு எஃகைவிட அது பல மடங்கு கூச்சம் உடையது. ஆகவே உங்கள் கேள்வியாள் வாசிக்கவே வேண்டியதில்லை. அந்தியில் ஏழு நரம்பையும் கூட்டிவிட்டு, யாழை வெட்டவெளியில் ஓர் இரவு தொங்கவிடட்டும். விடியலில் ஒவ்வொரு நரம்பையும் ஒருமுறை மட்டும் தொட்டு, எது எவ்வளவு விலகியிருக்கிறது என்று கேட்கட்டும். இரவு முழுவதும் அவளுடைய விரல் யாழின் பக்கமே போகவில்லை அல்லவா?

இன்னொன்றும் உண்டு. ஒரு தம்புராவை மீட்டினால், அதே சுருதியில் சுவரில் தொங்கும் மற்றொரு தம்புரா யாரும் தொடாமல் முனகும். கேட்க வந்தவர் கேள்வியை யாழுக்கு நேரே உரக்கச் சொன்னால், அவர் குரலோடு ஒத்த நரம்பு மட்டும் மெல்ல அதிரும். காதை யாழின் பத்தரோடு, அதாவது ஒலி பெருக்கும் அடிக்கூட்டோடு, ஒட்டிவைத்தால்தான் அது கேட்கும். கேட்பவரின் குரலே அவருக்குரிய நரம்பைத் தேர்ந்தெடுக்கிறது என்று நீங்கள் எழுதலாம்.

வடமீன் எழுதியது:

ஐயா சொன்ன வழிக்கு உலகில் நல்ல முன்னுதாரணம் ஒன்று இருக்கிறது. நான் சில ஆண்டுகளாக ஆர்வத்தோடு படித்துவரும் விஷயம் என்பதால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

நார்வே, சுவீடன், பின்லாந்து ஆகிய நாடுகளின் வடபகுதியிலும் ருஷ்யாவின் கோலா தீபகற்பத்திலும் வாழும் சாமி மக்களிடம் குறி பார்க்கும் பறை ஒன்று இருந்தது. மரச்சட்டத்தின் மேலோ குடைந்த மரக்கிண்ணத்தின் மேலோ பனிமான் தோலை இழுத்துக் கட்டி, ஆல்டர் மரப்பட்டையின் சிவந்த சாற்றால் அதன்மேல் உருவங்கள் வரைவார்கள். சூரியன், தெய்வங்கள், பனிமான், கரடி, படகு, குடில், இறந்தோர் உலகம் எல்லாம் அந்த ஒரு தோலின் மேல் இருக்கும். தெற்குப் பகுதிப் பறைகளில் நடுவில் சூரியனும் அதிலிருந்து நான்கு பக்கமும் கோடுகளும் இருக்கும். வடக்கே தோலை மாடி மாடியாகப் பிரித்து, மேலுலகம் முதல் கீழுலகம் வரை அடுக்கியிருப்பார்கள். தோலின்மேல் பித்தளை வளையம் ஒன்றையோ எலும்புத் துண்டு ஒன்றையோ வைத்து, பனிமான் கொம்பில் செதுக்கிய சிறு சுத்தியலால் அடிப்பார்கள். அடிக்க அடிக்க வளையம் துள்ளி நகரும். எந்த உருவத்தின்மேல் போய் நிற்கிறது, எதைத் தாண்டிப் போக மறுக்கிறது, சூரியன் செல்லும் திசையில் சுற்றுகிறதா எதிர்த்திசையில் சுற்றுகிறதா என்பதை வைத்து, வேட்டைக்கு எந்தப் பக்கம் போகலாம், எந்தத் தெய்வத்துக்கு எதைக் கொடுக்க வேண்டும், தொலைவில் இருக்கும் உறவினர் நலமா என்று அறிவார்கள்.

உவர்மண் நண்பரே, உங்கள் கேள்விக்கான விடை அந்த வளையத்தில் இருக்கிறது. அடிப்பது மனிதக் கைதான். ஆனால் வளையம் எங்கே போகும் என்பதை அந்தக் கையால் முழுமையாக ஆள முடியாது. தோலின் இறுக்கம் இடத்துக்கு இடம் வேறுபடும். ஈரம், குளிர், அடி விழும் இடம் எல்லாம் சேர்ந்து வளையத்தை நகர்த்தும். 1787-இல் எர்ன்ஸ்ட் கிளாட்னி என்ற ஜெர்மானியர் உலோகத் தகட்டின்மேல் மணலைத் தூவி, விளிம்பில் வில்லை இழுத்து, அதிர்வில் மணல் தானாகக் கோலமாகக் கூடுவதைக் காட்டினார். அதிரும் தகட்டின்மேல் கிடக்கும் மணல் அதிர்வு குறைந்த இடத்தைத் தேடிப் போகும். வாசிப்பவரின் விருப்பத்துக்கும் விடைக்கும் நடுவில் இப்படி ஓர் இடைவெளி இருந்தால்தான் கேட்பவர் நம்புவார்.

இந்தப் பறைகளுக்கு நேர்ந்த கதியையும் உங்கள் நாவலுக்காகச் சொல்ல வேண்டும். பதினேழு, பதினெட்டாம் நூற்றாண்டுகளில் கிறித்தவ மதப் பணியாளர்கள் இவற்றைப் பேயின் கருவி என்று பறித்தார்கள், எரித்தார்கள். தாமஸ் வான் வெஸ்டன் என்ற போதகர் திரட்டிய பறைகளில் பெரும்பகுதி 1728-ஆம் ஆண்டு கோபன்ஹேகன் தீவிபத்தில் அழிந்தது. எர்ன்ஸ்ட் மான்கர் என்ற ஆய்வாளர் இருபதாம் நூற்றாண்டில் தேடித் தொகுத்தபோது எஞ்சியவை 71. அவற்றுள் ஒன்று ஆன்டர்ஸ் பௌல்சன் என்ற முதியவருடையது. 1691-இல் அவரைப் பிடித்து, 1692-இல் வாட்சோ என்ற ஊரில் சூனியக் குற்றத்துக்காக விசாரித்தார்கள். நீதிமன்றத்தில் அவர் தம் பறையின்மேல் உள்ள ஒவ்வோர் உருவமும் எது என்று விரல் வைத்து விளக்கினார்; அந்த வாக்குமூலம் பதிவாகியிருப்பதால்தான் அந்தப் படங்களுக்குப் பொருள் நமக்குத் தெரிகிறது. தீர்ப்பு வருமுன் காவலில் இருந்த இன்னொருவன் அவரைக் கோடரியால் கொன்றுவிட்டான். பறை டென்மார்க் மன்னரின் சேகரிப்புக்குப் போயிற்று. 1979-இல் அது காராஷோக்கில் உள்ள சாமி அருங்காட்சியகத்துக்குக் கடனாக வந்தது. 2022-இல்தான் சட்டப்படி சாமி மக்களுக்கே உரிமையானது.

தன்னை அழிக்க வந்தவர்களுக்குத் தன் கருவியின் மொழியை விளக்கிச் சொன்ன மனிதர் அவர். உங்கள் கேள்வியாளுக்கும் அப்படி ஒரு நாள் வரக்கூடும்.

உவர்மண் எழுதியது:

இருவருக்கும் நன்றி. பழைய மெட்டு ஐயா எழுதியதைப் படித்தபோது எனக்கு உடல் சிலிர்த்தது. என் கதையில் குடிகள் கேட்கும் முதன்மையான கேள்வியே மழை வருமா வராதா என்பதுதான். நரம்போ காற்றின் ஈரத்தைக் குடிப்பது. இந்த இரண்டையும் நான் திட்டமிட்டுச் சேர்க்கவில்லை. ஆனால் இப்போது பார்த்தால் யாழ் உண்மையிலேயே எதையோ அறிந்திருக்கிறது.

ஓர் இரவுக்குப் பதில் ஒரு மண்டலம், அதாவது 48 இரவுகள், யாழைக் கரையில் கட்டிய பந்தலில் தொங்கவிடுவதாக மாற்றுகிறேன். ஒவ்வொரு விடியலிலும் விலகலைக் குறித்துவைத்து, முடிவில் கூட்டிப் பார்ப்பார்கள். இனிக் கேள்வியாள் வாசிக்க மாட்டாள், கேட்க மட்டும் செய்வாள்.

உடுக்கை வீட்டுப் பெண் எழுதியது:

உவர்மண் அண்ணா, அவசரப்பட வேண்டாம். வாசிப்பதை எடுத்துவிட்டால் உங்கள் மரபில் மிஞ்சுவது ஒரு மழைமானி மட்டும்தான் என்று எனக்குத் தோன்றுகிறது.

என் தாத்தா கோடாங்கி. செவ்வாயும் வெள்ளியும் எங்கள் வீட்டுத் திண்ணையில் விடியுமுன்பே ஆட்கள் உட்கார்ந்திருப்பார்கள். வெற்றிலை பாக்கு, எலுமிச்சம்பழம், சூடம் கொண்டுவருவார்கள். என்ன காரியமாக வந்தோம் என்று யாரும் வாய் திறக்கக் கூடாது. அதைச் சொல்ல வேண்டியது வாக்கின் வேலை. தாத்தா விளக்கின் முன் உட்கார்ந்து, இடது கையில் உடுக்கையின் இடுப்பைப் பிடித்து, வலது கை விரல்களால் மெல்லத் தட்டத் தொடங்குவார். பித்தளை உடுக்கை. இடுப்பில் சுற்றிய கயிற்றை அவர் அழுத்தும்போது குரல் ஏறும், விடும்போது இறங்கும். யாரோ அழுதுகொண்டே கேள்வி கேட்பதைப் போல இருக்கும். அவருடைய மோதிர விரலின் நுனி பிளந்து, ஆறி, மறுபடி பிளந்து, கொட்டைப்பாக்கு போலக் காய்த்திருந்தது. சிறுமியாக நான் அந்த விரலைப் பிடித்துக்கொண்டுதான் தூங்குவேன்.

விரல் தாத்தாவுடையதுதானே, நடுவில் உடுக்கை எதற்கு என்று எங்கள் ஊரில் யாரும் கேட்டதில்லை. உடுக்கை சொல்வதற்கு இல்லை, அழைப்பதற்கு. அழைத்தால் வருகிற தெய்வம் தாத்தாவின் வாயால் பேசும். வந்திருப்பது தெய்வமா, தாத்தாவே நடிக்கிறாரா என்று ஊர் சோதிக்காமலும் இல்லை. கேட்காமலே காரியத்தைச் சொல்கிறதா, குரல் மாறுகிறதா, முன்னே சொன்னதோடு முரண்படுகிறதா என்று எல்லாவற்றையும் கவனிப்பார்கள்.

ஒரு நாள் நடந்ததை மட்டும் சொல்கிறேன். தூரத்து ஊரிலிருந்து ஒரு தாயும் தகப்பனும் வந்திருந்தார்கள். தாத்தா ஒரு மணி நேரத்துக்கு மேல் அடித்தார். வேர்வை உடுக்கையின் தோலில் சொட்டி, தோல் தொய்ந்து, குரல் அடைத்துவிட்டது. விளக்குச் சுடரருகே காட்டிக் காயவைத்துவிட்டு மறுபடி அடித்தார். ஒன்றும் வரவில்லை. உடுக்கையைக் கீழே வைத்துவிட்டு, அவர்கள் கொண்டுவந்த வெற்றிலையை அவர்களிடமே திருப்பிக் கொடுத்து, "இன்றைக்கு வாக்கு இல்லை தாயி, போய் வாருங்கள்" என்றார். பணமும் வாங்கவில்லை. அந்தத் தகப்பன் அழுதுகொண்டே போனதைப் பார்த்தேன். ஆனால் அதற்குப் பிறகுதான் எங்கள் வீட்டுக்கு வந்த கூட்டம் அதிகமானது. வராத அன்று வரவில்லை என்று சொல்கிறவர் வந்த அன்று பொய் சொல்ல மாட்டார் என்று ஜனங்கள் எடுத்துக்கொண்டார்கள்.

உங்கள் கேள்வியாள் ஒரு நாளாவது வெற்றிலையைத் திருப்பிக் கொடுக்கிறாளா? நாவலில் அந்தக் காட்சி இல்லையென்றால் எத்தனை வளையம் துள்ளினாலும் நான் நம்ப மாட்டேன்.

ஒலிப்பேழை எழுதியது:

உடுக்கை வீட்டுப் பெண் சொன்னதோடு ஒரு செய்தியைச் சேர்க்கிறேன். ஜிம்பாப்வேயின் ஷோனா மக்கள் உம்பிரா என்ற கருவியை வாசித்து மூதாதையரை அழைப்பார்கள். மரப்பலகையின்மேல் இரும்புப் பட்டைகளை வரிசையாகப் பதித்து, அவற்றைக் கட்டைவிரலாலும் ஆள்காட்டி விரலாலும் தட்டும் கருவி அது. பெரிய சுரைக்குடுக்கைக்குள் வைத்து வாசிப்பதால் ஒலி பெருகும். குடுக்கையின் விளிம்பில் சிப்பிகளையோ புட்டி மூடிகளையோ கோத்திருப்பதால் ஒவ்வொரு சுரத்தோடும் ஓர் இரைச்சல் சேர்ந்துவரும். அந்த இரைச்சல் இல்லாத உம்பிராவை அவர்கள் முழுமையானதாகவே கருதுவதில்லை. பிரா எனப்படும் சடங்கில் இரவு முழுவதும் வாசிப்பு நடக்கும். மூதாதையர் உயிரோடு இருந்தபோது விரும்பிய பாட்டை வாசித்தால்தான் அவர் தமக்காகச் சாமியாடுபவர்மேல் இறங்குவார். வரவில்லை என்றால் வாசிப்பவர்கள் பாட்டை மாற்றிப் பார்ப்பார்கள்.

அதாவது, வாசிப்பவரின் திறமைக்கு அங்கே வேலை உண்டு. இறந்தவருடைய ரசனையை நினைவில் வைத்திருப்பதுதான் அந்தத் திறமை.

வடமீன் எழுதியது:

தங்கையின் பதிவை இரண்டு முறை படித்தேன். நான் கருவியின் இயக்கத்தைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தேன் என்பது உண்மை. ஆனால் ஒரு விஷயத்தில் மட்டும் இன்னும் உடன்பட முடியவில்லை. உங்கள் தாத்தாவை ஊர் நம்பியதற்குக் காரணம் ஊர் அவரை அறிந்திருந்தது. பிறந்ததிலிருந்து பார்த்த மனிதர் என்பதால் அவர் சொல்லும் "இல்லை" என்ற சொல்லுக்கு எடை இருந்தது. உவர்நாட்டிலோ பல ஊர்க் குடிகள் தொலைவிலிருந்து வருகிறார்கள். முன்பின் தெரியாத ஒருத்தியின் நேர்மையை அவர்கள் எப்படி அளப்பார்கள்? அறிமுகமற்ற இடத்தில் வளையமோ நரம்போ போன்ற ஒரு சாட்சி தேவைப்படும்.

உடுக்கை வீட்டுப் பெண் எழுதியது:

அந்தத் தாயும் தகப்பனும் தூரத்து ஊரிலிருந்து வந்தவர்கள்தான் அண்ணா. தாத்தாவை அதற்குமுன் அவர்கள் பார்த்ததே இல்லை. ஆனால் பக்கத்தில் உட்கார்ந்திருந்த இருபது பேர் பார்த்திருந்தார்கள். குறி தனியறையில் நடப்பதில்லை. திண்ணையில் இருந்தவர்களும் சாட்சிதான்.

குழற்சாம்பல் எழுதியது:

யாழ் மழையை அறியும் என்ற இடத்திலிருந்து நான் தொடர்கிறேன். வாசிப்பவரே இல்லாத இசைக்குறி ஒன்று சீனத்தில் இருந்தது. ஆண்டின் 12 மாதங்களுக்கு 12 சுருதிக் குழல்கள் என்று வகுத்து, மூன்று அடுக்குச் சுவர்களுக்குள் காற்றே புகாமல் அடைத்த அறையில் அவற்றை மண்ணில் புதைத்து, நாணல் தண்டின் மெல்லிய உட்சவ்வை எரித்த சாம்பலைக் குழல் வாயில் நிரப்புவார்கள். அந்தந்த மாதத்துக்குரிய உயிர்ப்பு பூமிக்குள்ளிருந்து எழும்போது, அந்த மாதத்துக் குழலின் சாம்பல் மட்டும் தானே பறக்கும் என்பது நம்பிக்கை. ஹான் வம்சக் காலத்தைப் பற்றிய வரலாற்று நூலிலேயே இந்த அறையைப் பற்றிய விவரிப்பு உண்டு.

சூய் வம்சத்துப் பேரரசர் வென் (ஆட்சிக்காலம் 581 முதல் 604 வரை) இதைச் செய்துபார்க்கச் சொன்னபோது, சில மாதங்களில் சாம்பல் பாதி பறந்தது, சிலவற்றில் முழுவதும் பறந்தது, சிலவற்றில் அசையவே இல்லை. நியூ ஹோங் என்ற அமைச்சர் பலன் சொன்னார்: பாதி பறந்தால் ஆட்சி சீராக இருக்கிறது, முழுவதும் பறந்தால் அமைச்சர்கள் அத்துமீறுகிறார்கள், அசையாவிட்டால் அரசன் கொடுமை செய்கிறான். பேரரசர் திருப்பிக் கேட்டார்: ஒரே ஆண்டுக்குள் மாதத்துக்கு மாதம் இது மாறுகிறதே, ஒரு மாதம் நான் கொடியவனாகவும் அடுத்த மாதம் என் அமைச்சர்கள் அத்துமீறுபவர்களாகவும் எப்படி இருக்க முடியும்? அமைச்சரிடம் பதில் இல்லை.

எனக்கு இந்தக் காட்சியில் பிடித்தது பேரரசரின் கூர்மை அன்று. மாதத்தைக் காட்டுவதற்காக வைத்த குழலை, அரசனின் ஒழுக்கத்தைக் காட்டச் சொல்லிவிட்டார்கள் என்பதைத்தான் கவனிக்கிறேன். உங்கள் யாழுக்கும் இதுதான் நேரும், உவர்மண். துத்த நரம்பு மழையைச் சொல்லும், பல ஆண்டுகள் சரியாகவே சொல்லும். அப்படிச் சேர்ந்த நம்பிக்கையை வைத்துக்கொண்டு மக்கள் கைக்கிளை நரம்பிடம் பெண் கொடுக்கலாமா என்று கேட்பார்கள். விளரி நரம்பிடம் கிழவர் பிழைப்பாரா என்று கேட்பார்கள். ஏழும் ஒரே ஈரத்தைத்தான் குடித்திருக்கும். மழையில் சம்பாதித்த பெயரை யாழ் கல்யாணத்தில் செலவழிக்கும். நாவலின் சிக்கல் அங்கேதான் இருக்கிறது என்று நினைக்கிறேன். வாசிக்கும் விரல் யாருடையது என்பதைவிட, எந்தக் கேள்வியை யாழிடம் கொண்டுபோகலாம் என்பதுதான் கடினமான கேள்வி.

நெய்தற்பறை எழுதியது:

சிறு குறிப்பு ஒன்று. சிலப்பதிகாரத்தின் ஆய்ச்சியர் குரவையில் தீநிமித்தங்கள் வரிசையாக வரும்: பால் உறையவில்லை, வெண்ணெய் உருகவில்லை, பசுக்களின் கழுத்து மணி தரையில் விழுகிறது. ஏதோ வரப்போகிறது என்று அஞ்சும் மாதரி உடனே செய்வது என்ன? ஏழு பெண்களுக்குக் குரல், துத்தம் முதலான ஏழு சுரப்பெயர்களையும் இட்டு, வட்டமாக நிறுத்திக் குரவை ஆடவைக்கிறாள். மணி விழுந்து சொன்ன கேட்டுக்கு, சுரங்களை மனிதர்களாக நிறுத்திப் பதில் சொல்கிறார்கள். ஆட்டம் முடிந்ததும் கோவலன் கொலையுண்ட செய்தி வருகிறது.

உங்கள் மரபில் நரம்பு தீயதைச் சொன்ன பிறகு என்ன செய்வார்கள் என்பதே இன்னும் இல்லை. கேட்டுவிட்டு எழுந்து வீட்டுக்குப் போய்விடுவார்களா?

உவர்மண் எழுதியது:

இரண்டு நாட்கள் இந்தப் பக்கம் வராமல் எழுதிக்கொண்டிருந்தேன். இப்போது என் மரபு இப்படி இருக்கிறது.

யாழ் ஒன்று இல்லை, இரண்டு. ஒன்று கரையில் 48 இரவுகள் தொங்கும். அதை எவரும் வாசிக்கக் கூடாது; விடியலில் கேள்வியாள் ஒவ்வொரு நரம்பையும் ஒருமுறை தொடுவாள். ஏழு குடிகளிலிருந்தும் வந்த எழுவர் சுற்றி நின்று, விலகல் எவ்வளவு என்று தங்கள் காதால் கேட்டு, தனித்தனியே கூழாங்கல் போடுவார்கள். உடுக்கை வீட்டுத் தங்கை சொன்ன திண்ணையிலிருந்து இந்த எழுவர் வந்தார்கள். அவர்களில் நால்வராவது ஒத்துப்போகாத விடியல் கணக்கில் சேராது. இந்த யாழிடம் நீரைப் பற்றி மட்டுமே கேட்கலாம்.

இரண்டாவது யாழ் கேள்வியாளின் வீட்டுக்குள் இருக்கும். அதை அவள் வாசிப்பாள். காதல், பகை, நோய், சாவு எல்லாம் அதனிடம்தான். வருபவர் காரியத்தைச் சொல்லக் கூடாது. இறந்துபோன தம் வீட்டார் ஒருவருக்குப் பிடித்த பாட்டு எது என்பதை மட்டும் சொல்லலாம். அவள் அதை வாசிப்பாள். வாக்கு வந்தால் சொல்வாள், வராவிட்டால் கொண்டுவந்ததைத் திருப்பிக் கொடுப்பாள். நாவல் தொடங்கும்போது அவள் ஒன்பது மாதங்களாக எல்லாருக்கும் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருக்கிறாள்.

கரை யாழ் மூன்று ஆண்டுகளாகப் பொய்க்கவில்லை. ஆகவே குடித்தலைவர்கள், வீட்டு யாழை உடைத்துப் போட்டுவிட்டு எல்லாக் கேள்விகளையும் கரை யாழிடமே கேட்போம் என்று தீர்மானிக்கிறார்கள். அவளை மன்றத்தில் நிறுத்தி, ஏழு நரம்பின் பொருளையும் விளக்கச் சொல்கிறார்கள். வடமீன் எழுதிய அந்த முதியவரை நினைத்தபடிதான் அந்த அத்தியாயத்தை எழுதினேன். அவள் ஒவ்வொரு நரம்பாக விரல் வைத்து விளக்குகிறாள், ஆறு நரம்புக்கு. விளரிக்கு வந்ததும் நிறுத்திவிடுகிறாள்.

நெய்தற்பறை கேட்டதற்கு: தீயது வந்தால், எழுவரும் அந்த இரவு கரையிலேயே தங்கி, ஆளுக்கொரு சுரமாக விடியும்வரை பாடுவார்கள். அதனால் கேடு விலகுமா என்பதை நான் நாவலில் சொல்லப்போவதில்லை. ஆனால் அந்த வீட்டாரை அன்றிரவு தனியாக விடமாட்டார்கள்.

உடுக்கை வீட்டுப் பெண் எழுதியது:

ஒன்பது மாதங்களாகத் திருப்பிக் கொடுக்கிறாள் என்ற வரியில் எனக்கு அழுகை வந்துவிட்டது அண்ணா. கடைசி காலத்தில் தாத்தாவும் அப்படித்தான் இருந்தார்.

ஒரு வேண்டுகோள். அவள் வாசிக்கும் காட்சியில் விரலை எழுதுங்கள். நரம்பு யாழ் என்றால் எந்த விரல் எங்கே காய்க்கும் என்று பழைய மெட்டு ஐயாவிடம் கேட்டு எழுதுங்கள்.

பழைய மெட்டு எழுதியது:

யாழ் வாசித்த கையை நான் பார்த்ததில்லை அம்மா. வீணைக்காரர்களின் கை தெரியும். இடது கையின் ஆள்காட்டி விரலிலும் நடுவிரலிலும் தந்தி ஓடிய தடம் கோடாகப் பதிந்து கறுத்திருக்கும். கருவியை எடுக்காமல் சில வாரம் இருந்தால் அந்தக் காய்ப்பு உரிந்து, தோல் மெதுவாகிவிடும். யாழில் நரம்பை அழுத்தி இழுக்கும் வேலை இல்லை, சுண்டுவதுதான். எனவே இரு கையிலும் விரல் நுனியின் பக்கவாட்டில் காய்க்கும் என்று நினைக்கிறேன். ஒன்பது மாதங்களும் அவள் வாசித்துக்கொண்டேதான் இருக்கிறாள், வாக்குதான் வரவில்லை என்றால், காய்ப்பு உரிந்திருக்காது. மன்றத்தில் அவள் கையைப் பார்க்கிற எவருக்கும் அது தெரிந்துவிடும். இதை நீங்கள் பயன்படுத்திக்கொள்ளலாம்.

எனக்கு ஒரு சந்தேகம் மட்டும். 48 இரவுகள் கடற்கரைப் பந்தலில் நரம்பைத் தொங்கவிட்டால், நடுவில் ஒன்றாவது அறுந்துவிடும். உப்புக் காற்று ஒருபுறம், எலி ஒருபுறம். அறுந்தால் என்ன பலன்? புது நரம்பு கட்டலாமா, கூடாதா? புது நரம்பு கட்டினால் அது இழுபட்டு நிலைக்க நான்கைந்து நாள் ஆகும். அதுவரை அதன் விலகல் ஈரத்தால் வந்ததா, புதுமையால் வந்ததா என்று யாராலும் சொல்ல முடியாது.

உவர்மண் எழுதியது:

அதை நான் யோசிக்கவே இல்லை ஐயா. புது நரம்பு நிலைக்கும் அந்த நான்கைந்து விடியல்களில் எழுவரும் கூழாங்கல்லைக் கையிலேயே வைத்துக்கொண்டு நிற்பார்கள் என்று எழுதுகிறேன். நரம்பைத் திரிப்பது யார், எந்த விலங்கின் குடல், எத்தனை இழை என்பதை இன்னும் முடிவு செய்யவில்லை. உங்களுக்குத் தெரிந்த முறையைத் தனிப் பதிவாகத் தொடங்கி எழுதினால் நாளை காலையே வந்து படிக்கிறேன்.